ஆறாம் வகுப்புச் சரிவு

பெற்றோர் வைத்த பெயர் ஊழியர் பட்டியலில் மட்டும்தான் இருந்தது. போன ஊரிலெல்லாம் அவர் குழி சார். நிலப் பயன்பாட்டுத் திட்ட அலுவலகத்தில் இருபத்தாறு வருடமாக மண் ஆய்வாளர். வேலை என்னவென்று யாராவது கேட்டால், "குழி வெட்டுறது, உள்ள எறங்கிப் பாக்குறது, மூடுறது" என்பார். கேட்டவர் சிரிப்பார். இவர் சிரிக்கமாட்டார்.

உண்மையில் வேலை அதுதான். மார்பளவு குழி வெட்டி, சுவரைக் கத்தியால் சுரண்டி, எந்த ஆழத்தில் மண் நிறம் மாறுகிறது, எங்கே கல் ஆரம்பிக்கிறது என்று பார்க்க வேண்டும். ஒரு பிடி மண்ணை எடுத்துத் தண்ணீர் விட்டுப் பிசைந்து உள்ளங்கையில் உருட்ட வேண்டும். நாடா மாதிரி நீண்டால் களிமண், உதிர்ந்தால் மணல். இதையெல்லாம் குறிப்பேட்டில் எழுதி, நிலத்தின் சரிவையும் அளந்து, கடைசியில் அந்த இடத்துக்கு ஒரு வகுப்பு கொடுக்க வேண்டும். ஒன்றிலிருந்து எட்டு வரை. ஒன்று என்றால் கண்ணை மூடிக்கொண்டு உழலாம். எட்டு என்றால் வெறும் பாறை. நாலு வரைக்கும் ஏர் போகலாம். நாலில் கொஞ்சம் பார்த்துப் பதனமாகப் போக வேண்டும். ஆறில் ஏர் வைக்கவே கூடாது; புல்லும் புதரும் இருந்தபடி இருக்க வேண்டும்.

ஓர் ஊர் எங்கே உழும், எங்கே மேய்க்கும், எங்கே விறகு பொறுக்கும் என்பதெல்லாம் அவர் உள்ளங்கையில் உருட்டிய மண்ணில் வந்து நிற்கிறது என்பதில் அவருக்கு உள்ளூர ஒரு பெருமை உண்டு. வெளியே காட்டிக்கொள்ளமாட்டார். ஆனால் அந்தப் பெருமைதான் பின்னால் அவரைப் பாடாய்ப் படுத்தியது.

அவர் மனைவி பிறந்த ஊர் அலுவலகத்திலிருந்து ஒன்றரை மணி நேரப் பஸ் தூரம். அந்த ஊருக்கும் சேர்த்து ஒரு பெரிய திட்டம் வந்தது. வெளிநாட்டு உதவி, புது ஜீப், புது மேசைகள். மாவட்டம் முழுக்க நிலத்தை அளந்து, வகுப்பு பிரித்து, எதற்கு எது என்று வரைபடம் போட வேண்டும் என்றார்கள். மனைவியின் ஊர் இவர் பங்குக்கு வந்தது.

ஊருக்குக் கிழக்கே ஒரு நீண்ட சரிவு. முள்ளும் புல்லும் மண்டிக் கிடக்கும். சரிவின் அடியில் ஊருக்குத் தண்ணீர் கொடுக்கும் குளம். குளத்துக்கு அப்பால் சமவெளி, அரசு நிலம், சுற்றிலும் கம்பி வேலி. சரிவில் இவர் மூன்றாவது குழியில் நின்றுகொண்டிருந்தபோது மேலே ஒரு நிழல் விழுந்தது. நாற்பது ஆடுகளோடு ஒரு பெண். ஊரில் ஆட்டுக்காரி என்று சொன்னால் அவள்தான்.

"என்ன சார், புதையலா?"

"மண்ணு."

"மண்ணு மேலேயே கெடக்குதே. அதுக்கு எதுக்கு உள்ள எறங்கணும்?"

"எவ்வளவு இருக்குன்னு பாக்கணும்ல."

"என்கிட்ட கேட்டிருந்தா சொல்லியிருப்பேன். ஆடு கட்ட முளை அடிச்சா ஒரு சாண் எறங்கும். அதுக்கு மேல அடிச்சா முளைதான் ஒடையும். இதுக்கா சம்பளம் குடுக்கறாங்க?"

அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. இருந்தாலும் மிச்ச நாலு குழியையும் வெட்டினார். ஏழு குழியும் அவள் பேச்சைத்தான் திருப்பிச் சொன்னது. ஒரு சாண், மிஞ்சினால் ஒன்றரை. அதற்குக் கீழே இற்றுப்போன பாறை. புல்வேர்தான் அந்த மண்ணை அள்ளிப் பிடித்துக்கொண்டிருந்தது. குறிப்பேட்டில் ஆறாம் வகுப்பு என்று எழுதி, 'உழக்கூடாது' என்று போட்டு, அடியில் இரண்டு கோடு இழுத்தார். வேலிக்குள் இருந்த சமவெளிக்கு இரண்டாம் வகுப்பு கொடுத்தார். அங்கே அவர் ஆள் உயரத்துக்கு வெட்டியும் கல்லே தட்டுப்படவில்லை.

அதற்குப் பிறகு இரண்டு வருடம் ஓடிப்போயிற்று. வரைபடம் அச்சானது. ஜீப் தலைநகருக்குத் திரும்பிப்போனது. திட்டத்தை ஒரு விழா வைத்து முடித்தார்கள். குழி சாருக்கு ஒரு கைப்பை கொடுத்தார்கள், திட்டத்தின் பெயர் போட்டது. மனைவி அதில் தையல் சாமான்களைப் போட்டு வைத்துக்கொண்டாள். அவள் வீட்டிலேயே தையல் மிஷின் வைத்திருந்தாள். முன்னறையில் பாதி அவள் துணிகள்தான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை மைத்துனன் வந்தான். மனைவிக்கு ஒரே தம்பி. அடுத்தவர் நிலத்தில் கூலிக்குப் போய்ப் பிழைப்பவன். அன்றைக்கு வெள்ளைச் சட்டை, கையில் ஒரு பை நிறையப் பழம், முகமெல்லாம் பல்.

"மாமா, எழுந்து நில்லுங்க. நெலக்காரன் வந்திருக்கேன்."

சட்டைப்பையிலிருந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்துக் கொடுத்தான். நிலமற்ற நாற்பத்திரண்டு குடும்பங்களுக்கு அரசு நிலம். துண்டு எண் பதினேழு. முக்கால் ஏக்கர். அக்கா தாளை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். தையல் மிஷினை நிறுத்திவிட்டு, "அப்பா இருந்து பாக்கலையேடா" என்று அழ ஆரம்பித்துவிட்டாள்.

குழி சாரும் சந்தோஷமாகத்தான் தாளை வாங்கினார். படித்துக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நின்றார்.

"எந்த இடம் மாப்ளே இது? கிழக்கேன்னு போட்டிருக்கு?"

"நம்ம சரிவுதான் மாமா. குளத்துக்கு மேல."

"சரிவா? அதுல எப்படிக் குடுப்பாங்க?"

"நீங்க போட்ட படம்தானே மாமா? நாலாம் வகுப்பு, உழலாம்னு போட்டிருக்காம். கூட்டத்துல அதிகாரி படத்த விரிச்சு வச்சுக் காட்டினார். எங்க மாமா போட்ட படம்னு நான் பக்கத்துல இருந்தவங்ககிட்ட எல்லாம் சொன்னேன்."

பழப்பை மேசையில் அப்படியே இருந்தது. யாரும் தொடவில்லை.

மறுநாள் அலுவலகம் திறக்கும் முன்பே போய் நின்றார். இரும்பு அலமாரியில் தன் குறிப்பேட்டைத் தேடி எடுத்தார். ஆறு. அடியில் இரண்டு கோடு. பக்கத்திலேயே அச்சான வரைபடத்தை விரித்தார். வகுப்பு எண்கள் ரோமன் எழுத்தில் இருந்தன. ஒரு கவட்டை, ஒரு குச்சி, அவ்வளவுதான். குச்சி கவட்டைக்குப் பின்னால் நின்றால் ஆறு, முன்னால் நின்றால் நாலு. சரிவின் மேல் குச்சி முன்னால் நின்றது. எண்ணுக்குத் தகுந்த நிறமும் பூசியிருந்தார்கள், உழவுக்கான மஞ்சள்.

அதை எடுத்துக்கொண்டு வரைபடப் பிரிவுக்குப் போனார். அங்கே இருந்த வரைவாளர் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுக் குனிந்து பார்த்தார்.

"அட, ஆமா. குச்சி மாறிப்போச்சு."

"மாறிப்போச்சா? நாப்பத்திரண்டு குடும்பம் சார்!"

"நான் போடல சார். கம்ப்யூட்டர்ல ஏத்தினது திட்டத்துக்குன்னு எடுத்த தற்காலிகப் பொண்ணு. அது கல்யாணமாகிப் போயிடுச்சு. நல்ல பொண்ணு, தப்பே பண்ணாது."

"இத மாத்திக் குடுங்க. ஒரு குச்சிதானே."

"குச்சி ஒரு நிமிஷ வேலை. ஆனா மேல இருந்து எழுத்துல வரணும். நானா மாத்தினா அது திருத்தம் இல்ல, மோசடி."

துணை இயக்குநர் அறைக்குப் போனார். அவர் இந்த அலுவலகத்துக்கு வந்து ஐந்து மாதம்தான் ஆகியிருந்தது. பொறுமையாகக் கேட்டார். குறிப்பேட்டை வாங்கிப் பார்த்தார். தலையை ஆட்டினார். குழி சாருக்கு நம்பிக்கையே வந்துவிட்டது.

"நீங்க சொல்றது புரியுது. ஆனா இந்தத் திட்டம் முடிஞ்சாச்சு."

"முடிஞ்சாலும் படத்துல தப்பு இருக்கே சார்."

"முடிஞ்ச திட்டத்துல தப்பு இருக்க முடியாது. இறுதி அறிக்கை போய், அங்க ஒப்புதலும் ஆயிடுச்சு. திருத்தம்னா திருத்தக் குழு கூடணும். குழு திட்டத்தோட கலைஞ்சு போச்சு. புதுசா குழு போடணும்னா புதுசா திட்டம் வரணும்."

"அதுக்குள்ள ஏர் வச்சுடுவாங்க சார்."

"மனு எழுதிக் குடுங்க. நான் மேல அனுப்புறேன்."

எழுதிக் கொடுத்தார். அது மேலே போனது. மேலே போனது மேலேயே இருந்தது. மறுபடி எழுதினார். மூன்றாவது கடிதத்துக்கு ஒரு பதில் வந்தது. பிழை இருப்பதாகக் கருதப்படின், பயனாளிகள் அனைவரும் தங்களுக்கு ஒதுக்கப்பட்ட நிலம் உழவுக்குத் தகுதியற்றது என்று ஒப்புதல் கையெழுத்திட்டுத் தரும் பட்சத்தில், மறுபரிசீலனை செய்யப்படும்.

அந்தத் தாளை அவர் இரண்டு தரம் படித்தார். வாழ்க்கையில் முதல்முறையாக நிலம் கிடைத்த நாற்பத்திரண்டு பேரிடம் போய், எனக்கு வேண்டாம் என்று எழுதிக் கொடு என்று கேட்க வேண்டும். இப்படி ஒரு யோசனை யாருக்குத் தோன்றும் என்று வியந்தார். ஆனாலும் போனார். அவர் சுபாவம் அப்படி.

சரிவில் முள்வெட்டு நடந்துகொண்டிருந்தது. வெட்டிய புதர்களைக் கும்பல் கும்பலாகப் போட்டு எரித்துக்கொண்டிருந்தார்கள். மைத்துனனும் அவன் மனைவியும் பதினேழாம் துண்டில் வேரைப் பறித்துக்கொண்டிருந்தார்கள். சுற்றிலும் சனம். எல்லோர் முன்னாலும்தான் பேச வேண்டியதாயிற்று.

"மாப்ளே, மண்ணு ஒரு சாண்தான். வேரெல்லாம் எடுத்துட்டா மழைக்கு நிக்காது. குளத்துக்குள்ளதான் போகும்."

மைத்துனன் நிமிர்ந்து பார்த்தான். வியர்வையைத் துடைத்தான்.

"அப்ப எனக்கு எந்த நெலம் மாமா?"

"அது..."

"கீழ வேலி போட்டுக் கெடக்குதே, அது என்ன வகுப்பு?"

"ரெண்டு."

"அத யாருக்குக் குடுக்கப் போறாங்க?"

அவர் வரைபடத்தில் பார்த்திருந்தார். 'எதிர்காலத் தேவைக்கு ஒதுக்கப்பட்டது' என்று எழுதியிருந்தது. யாருடைய எதிர்காலம் என்று எழுதவில்லை.

"நல்லது அவங்களுக்கு. கெட்டதாவது எங்களுக்குன்னு வந்திருக்கு. அதுவும் வேணாம்னு கையெழுத்துப் போடச் சொல்றீங்க. வேற யாராவது சொல்லியிருந்தா வாயில வந்தத கேட்டிருப்பேன். நீங்க மாமா. போயிட்டு வாங்க."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். ஒரு கையெழுத்தும் கிடைக்கவில்லை. கீழே குளக்கரையில் ஆட்டுக்காரி தனியாக நின்றுகொண்டிருந்தாள். ஆடுகள் போக இடமில்லாமல் கரையிலேயே சுற்றிக்கொண்டிருந்தன. "குழி வெட்டினப்ப சொன்னேனே சார், ஒரு சாண்னு. அத எழுதலையா?" என்றாள்.

"எழுதினேன்ம்மா."

"எழுதியுமா?"

வீட்டில் அதைவிட மோசம். மனைவி மூன்று நாள் பேசவில்லை. நாலாம் நாள் தையல் மிஷினை மிதித்துக்கொண்டே, அவர் முகத்தைப் பார்க்காமல் பேசினாள்.

"ஊருக்கெல்லாம் நெலம் பிரிச்சுக் குடுக்கற ஆளு. என் தம்பிக்குன்னு வந்தா மட்டும் சட்டம் பேசுறீங்க."

"சட்டம் இல்லடி, மண்ணு. மண்ணு இல்ல அங்க."

"இத்தன வருஷத்துல அவன் உங்ககிட்ட என்ன கேட்டிருக்கான்? ஒண்ணு கேட்டிருக்கானா? தானா வந்தத தட்டிவிடாம இருந்தா போதும்."

அந்த வருடம் மழை அளவோடு பெய்தது. தூறலாகத் தூறி, விட்டுவிட்டுப் பெய்து, ஒரு சொட்டு வீணாகாமல் மண்ணில் இறங்கியது. காலகாலமாகப் புல் மக்கிய மண். ஏர் பட்டதும் முதல் போகம் பிய்த்துக்கொண்டு விளைந்தது. சரிவு முழுக்கக் கதிர். அறுவடை முடிந்ததும் மைத்துனன் ஒரு மூட்டைத் தானியத்தைத் தோளில் சுமந்துகொண்டு வந்து முன்னறையில் இறக்கினான். துணிகளுக்கு நடுவில் மூட்டை உட்கார்ந்தது.

"ஆறாம் வகுப்புல வெளஞ்சது மாமா. சாப்பிட்டுப் பாத்து வகுப்பு போடுங்க."

கேலிதான். ஆனால் குத்தலில்லை, ஜெயித்தவனின் தாராளம். அக்கா வயிறு வலிக்கச் சிரித்தாள். இவரும் சிரித்து வைத்தார். முதல் வருடம் எந்த மண்ணும் இப்படித்தான் கொடுக்கும், இருப்பதை எல்லாம் ஒரேயடியாகக் கொட்டும் என்று சொல்ல வாயெடுத்தார். மூட்டையைப் பார்த்துவிட்டு விழுங்கிக்கொண்டார்.

அலுவலகத்திலும் பேச்சு பரவியிருந்தது. வரைவாளர், "என்ன சார், உங்க சரிவு அமோகமாமே? குச்சி சரியாத்தான் நின்னிருக்கு போல" என்றார். குழி சார் அன்றைக்கு ஐந்தாவது கடிதத்தை எழுதி வைத்திருந்தார். அதை அனுப்புவதா வேண்டாமா என்று ஒரு வாரம் பையிலேயே வைத்துச் சுற்றினார். குறிப்பேட்டை மறுபடி எடுத்துப் பார்த்தார். தான்தான் தப்பாக அளந்துவிட்டோமோ? ஏழு குழியிலும் எப்படித் தப்பு வரும்? ஒரு தரம், பஸ்ஸில் போகும்போது, கறுத்துக் கூடும் மேகத்தைப் பார்த்து, ஒரு பெரிய மழை அடித்தால் தெரியும் என்று நினைத்துவிட்டார். நினைத்த மறுகணம் உடம்பு கூசியது. மைத்துனன் குழந்தைகள் அதில்தானே சாப்பிடுகின்றன? அடுத்த நிறுத்தத்தில் இறங்கி ஐந்தாவது கடிதத்தைத் தபால் பெட்டியில் போட்டார்.

அந்தப் பெரிய மழை வந்தது அடுத்த வருடம், ஒரு பிற்பகல். இரண்டு மணி நேரம்தான். அலுவலகத்தின் தகரக் கூரையில் விழுந்த சத்தத்தில் பக்கத்து மேசைக்காரர் பேசுவதே கேட்கவில்லை. எல்லோரும் ஜன்னல் பக்கம் போய் வேடிக்கை பார்த்தார்கள். குழி சார் மட்டும் நாற்காலியை விட்டு எழவில்லை. மறுநாள் முதல் பஸ்ஸில் மனைவியையும் கூட்டிக்கொண்டு கிளம்பினார். அவளும் ஏன் என்று கேட்கவில்லை.

சரிவை அடையாளம் தெரியவில்லை. மேலிருந்து கீழ்வரை விரலால் கீறிவிட்டது போல ஓடைகள். சில இடங்களில் முழங்கால் ஆழம். ஓடைகளுக்கு நடுவே வெளுத்த பாறை. கணுக்கால் உயரப் பயிர் ஓரிரு திட்டுகளில் மட்டும் நின்றது. பதினேழாம் துண்டில் அந்தத் திட்டுகூட இல்லை. எல்லா மண்ணும் குளத்துக்குள் போயிருந்தது. குளம் இப்போது பழுப்பு நிறச் சேறு. நடுவில் வெட்டின முட்புதர்களின் வேர்கள் மிதந்தன. ஊர்ப் பெண்கள் குடத்தை வைத்துக்கொண்டு கரையில் நின்றார்கள். எங்கே இறங்குவதென்று தெரியாமல் நின்றார்கள்.

மைத்துனன் ஒரு கல்லில் உட்கார்ந்திருந்தான். மாமாவைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டான். அவன் மனைவி முழங்கால் சேற்றில் நின்று ஒரு கூடையில் மண்ணை அள்ளி மேலே கொண்டுபோய்க் கொட்டிக்கொண்டிருந்தாள். மறுபடி இறங்கி வந்து அள்ளினாள். அக்கா ஓடிப்போய் அவள் கையைப் பிடித்தாள். "விடுங்க அண்ணி, இது எங்க மண்ணு" என்றாள் அவள். விடாமல் அள்ளினாள்.

அப்போது ஊர்க்காரர் ஒருவர் வந்தார். முள்வெட்டின அன்று சிரித்த கூட்டத்தில் அவரும் இருந்தார். குழி சாரின் தோளில் கையைப் போட்டு, வருத்தம் நிறைந்த குரலில் சொன்னார்.

"நீங்க படிச்சவங்க சார். முன்னாடியே ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?"

குழி சாருக்கு வாயைத் திறக்கவே பயமாக இருந்தது. திறந்தால் என்ன வரும் என்று அவருக்கே தெரியாது. அந்தக் கையை மெதுவாக எடுத்துவிட்டு, ஓடை ஓரமாக மேலே நடந்தார். உச்சிவரை நடந்து திரும்பி வந்தபோது மைத்துனன் எழுந்து நின்றிருந்தான்.

"நான் அன்னைக்குப் பேசினது..." என்று ஆரம்பித்தான்.

"விடு மாப்ளே. நீ கேட்டது நியாயமான கேள்வி. எனக்குத்தான் பதில் தெரியல. இன்னைக்கும் தெரியல."

அடுத்த மாதம் அவர் பதினைந்து நாள் விடுப்பு எடுத்தார். மூன்று கட்டைகளை முக்கோணமாகக் கட்டி, உச்சியிலிருந்து ஒரு நூலில் கல்லைத் தொங்கவிட்டார். நூல் குறுக்குக் கட்டையின் குறியில் நின்றால் இரண்டு காலும் ஒரே மட்டம். அதை அடி அடியாக நகர்த்தி, சரிவின் குறுக்கே சம மட்டத்தில் முளை அடித்துக்கொண்டே போனார். முளை வரிசையில் கல்லை அடுக்கினால் ஓடி வரும் தண்ணீர் நிதானிக்கும்; கொண்டு வரும் மண்ணை அங்கேயே விட்டுவிட்டுப் போகும். நாற்பத்திரண்டு குடும்பத்தில் பத்தொன்பது பேர் வந்தார்கள். மற்றவர்கள் வரவில்லை. கூலிக்கே திரும்பிவிட்டவர்கள் பாதி, அரசு நஷ்டஈடு தரும், கல்லைக் கில்லை அடுக்கி இடத்தைச் சரிபண்ணிவிட்டால் கிடைக்காது என்று நம்பியவர்கள் பாதி. மேல்பாதிச் சரிவை உழுவதில்லை, புல்லுக்கு விட்டுவிடுவது என்று முடிவானது. முடிவான அன்றே ஆட்டுக்காரி ஆடுகளோடு வந்து நின்றாள். புல் பிடிக்கும் வரை இரண்டு வருடம் ஆடு ஏறக்கூடாது என்று இவர் சொன்னார்.

"ரெண்டு வருஷம் ஆட்டுக்குச் சாப்பாடு யாரு போடுவா, நீங்களா?" என்று அவள் சத்தம் போட்டாள். "ஒழுங்கா இருந்தத வெட்டினது அவங்க. எழுத்த மாத்தினது உங்க ஆபீஸ். பட்டினி மட்டும் என் ஆடா?"

அவள் இருபது ஆட்டை விற்றாள். மிச்சத்தை இழுத்துக்கொண்டு பக்கத்து ஊர்ப் பக்கம் மேய்க்கப் போனாள். அவரைக் கண்டால் அதற்குப் பிறகு அவள் பேசுவதில்லை.

விடுப்பு முடிந்து அலுவலகம் போனபோது மேசைமேல் ஓர் உறை இருந்தது. சரிவு நாசமானது செய்தியாகி, மேலிருந்து விசாரணை வந்திருந்தது. 'களப் பணியாளராகிய தாங்கள் மேற்படி பிழையை உரிய காலத்தில் கவனத்துக்குக் கொண்டு வராத காரணம் யாது? ஏழு நாட்களுக்குள் எழுத்து மூலம் விளக்கம் அளிக்கவும்.'

அவர் அதைக் கையில் வைத்துக்கொண்டு துணை இயக்குநர் அறைக்குப் போனார். ஆள் மாறியிருந்தது. புதியவர் நல்ல மாதிரியாக, "உட்காருங்க" என்றார்.

"ஒன்பது கடிதம் எழுதியிருக்கேன் சார்."

"இருக்கலாம். ஆனா கோப்புல ரெண்டுதான் இருக்கு. அதுவும் தேதிக்கு முத்திரை இல்ல. உங்ககிட்ட நகல் இருந்தா விளக்கத்தோட சேர்த்துக் குடுங்க."

ஒன்பதுக்கும் நகல் இருந்தது. எல்லாவற்றையும் சேர்த்துக் கொடுத்தார். விளக்கம் பரிசீலனையில் உள்ளது என்று ஒரு தாள் வந்தது. இன்றுவரை பரிசீலனையில்தான் இருக்கிறது. களப்பணியிலிருந்து அவரைப் பதிவேட்டு அறைக்கு மாற்றினார்கள், விசாரணை முடியும் வரை என்று சொல்லி. ஜன்னல் இல்லாத அறை. பழைய வரைபடங்களைச் சுருட்டிக் குழாய்க்குள் போட்டு, குழாய்மேல் எண் ஒட்டுவது வேலை. சரிவின் வரைபடமும் ஒரு குழாயில் இருக்கிறது. அதில் சரிவு இன்னும் நாலாம் வகுப்புதான்.

மைத்துனன் கட்டட வேலைக்கு வெளியூர் போய்விட்டான். மாதம் ஒருமுறை வருகிறான். வந்தால் மாமாவோடு அதிகம் பேசுவதில்லை. கோபம் இல்லை, என்ன பேசுவது என்று இருவருக்குமே தெரியவில்லை. அவன் மனைவிதான் ஊரில் இருந்து கல் வரிசைகளைப் பார்த்துக்கொண்டாள். மழையில் சரிந்த கல்லைத் திரும்ப எடுத்து வைப்பாள். போன கோடையில் ஒரு நாள் அவள் தனியாகப் பஸ் ஏறி வந்து அவர் வீட்டு முன்னறையில் துணிகளை ஒதுக்கிவிட்டு உட்கார்ந்தாள்.

"அண்ணா, ஒரு மனு எழுதணும். நீங்க எழுதிக் குடுங்க."

"என்ன மனு தங்கச்சி?"

"கீழ வேலிக்குள்ள இருக்கற நெலத்தக் கேக்கப் போறோம். சரிவு வேணாம், திருப்பி எடுத்துக்கட்டும். அது ரெண்டாம் வகுப்புன்னு நீங்க அன்னைக்கு எல்லார் முன்னாடியும் சொன்னீங்க."

அவர் மனைவியைப் பார்த்தார். மனைவி மிஷினை நிறுத்திவிட்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். விசாரணையில் இருக்கிற அரசு ஊழியர், அரசுக்கு எதிராக மனு எழுதிக் கொடுப்பதா என்று அவர் யோசிப்பது அவளுக்குத் தெரிந்தது.

"எழுதுங்க" என்றாள். "அவங்க இன்னும் என்ன பண்ணிடுவாங்க உங்கள? ஜன்னல் இல்லாத ரூமுல போட்டாச்சு. கதவையும் எடுத்துடுவாங்களா?"

எழுதினார். எந்த இடத்தில் எத்தனை அடி மண், எந்த இடத்தில் எத்தனை சாண், எல்லாம் எழுதினார். அடங்காத கோபத்தோடு எழுதினார். பேனா தாளைக் கிழித்தது, வேறு தாள் எடுத்தார். தன் பெயரைப் போடக்கூடாது என்பதால் அடியில் அவர்கள் கையெழுத்துக்கு இடம் விட்டார். இந்த முறை முப்பத்தாறு கையெழுத்து விழுந்தது. மைத்துனன் வேலையிடத்திலிருந்து வந்து போட்டுவிட்டுப் போனான்.

மனுமீதான முதல் விசாரணைக்கு அலுவலகத்துக்கு அழைத்த நாளில் அதிகாரி பயிற்சிக்குப் போயிருந்தார். இரண்டாவது தரம் போனபோது, வேலிக்குள் இருக்கும் நிலம் வேறு இலாகாவுடையது, அந்த இலாகாவும் வர வேண்டும் என்றார்கள். மூன்றாவது தரம் இருபது பேர் போல ஒரு வேன் பிடித்து வந்தார்கள். குழி சார் பதிவேட்டு அறையிலிருந்து வந்து தாழ்வாரத்தில் சற்றுத் தள்ளி நின்றார். கதவில் ஒரு தாள் ஒட்டியிருந்தது. விசாரணை தள்ளிவைக்கப்பட்டுள்ளது. காரணம் இல்லை. தேதி மட்டும் இருந்தது, அடுத்த வியாழக்கிழமை.

வேனில் வந்தவர்கள் முணுமுணுத்தார்கள். ஒருவர் தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து உதறினார். குழி சாருக்குக் காது சுட்டது. முன்னால் போய் அந்தக் கதவை உதைக்க வேண்டும் போலிருந்தது. இத்தனை வருடமாகத் தான் உள்ளே நுழைந்து வெளியே வந்த கதவு.

மைத்துனன் மனைவி கடைநிலை ஊழியரிடம் போனாள். அவர் மேசையில் கையை ஊன்றிக்கொண்டு நின்றாள்.

"வியாழக்கிழமை எத்தன மணிக்குத் தொறப்பீங்க?"

"பத்துக்கு."

"நாங்க எட்டுக்கே வந்துடுவோம்" என்று சொல்லிவிட்டு, வேனில் ஏறச் சொல்லி மற்றவர்களைக் கூப்பிட்டாள்.